வாத்தும் நீர்நாயும் தூக்கிய மீன்தொட்டி

சிங்கப்பூரின் சாங்கி விமான நிலையத்துச் சரக்குப் பகுதியில், சீக்கிரம் கெட்டுப்போகும் பொருள்களுக்கென்று ஒரு குளிர்க்கிடங்கு இருக்கிறது. அங்கே மேற்பார்வையாளர் ரக்ஷனா. மீன், நண்டு, மல்லிகைப்பூ, தடுப்பூசி மருந்து என்று எது விமானத்திலிருந்து இறங்கினாலும் வெயில் படுவதற்குள் உள்ளே போயாக வேண்டும். ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறவர்களில் பாதிப் பேர் அவளைவிட மூத்தவர்கள். ஆனாலும் அவள் "இப்ப" என்றால் இப்போதுதான். கையில் வாக்கி டாக்கி இருக்கும். அதை அவள் சும்மா அழகுக்குத்தான் வைத்திருக்கிறாள், குரலே கிடங்கின் அந்தக் கோடி வரைக்கும் போய்விடுமே என்று கேலி செய்வார்கள். அவளுக்கு அதில் உள்ளூரப் பெருமைதான்.

வேலை ஷிஃப்ட் முறையில் மாறிக்கொண்டே இருக்கும். தீபாவளி நாளன்றுகூடக் கிடங்கில் நின்றிருக்கிறாள். ஆனால் ஞாயிற்றுக்கிழமை மாலையை மட்டும் யாருக்கும் விட்டுக்கொடுக்க மாட்டாள். அது விளையாட்டு நேரம்.

கொரோனா காலத்தில் எல்லோரும் வீட்டுக்குள் அடைந்து கிடந்தபோது தொடங்கியது அது. மொத்தம் ஐந்து பேர். ரக்ஷனா, அப்போது அவள் கணவனாக இருந்த அருண்ராஜ், அருண்ராஜோடு கட்டாய ராணுவப் பயிற்சியான தேசிய சேவையில் ஒரே முகாமில் இருந்த கீத், கீத்தின் மனைவி ஈவா, பிறகு முனீரா. முனீரா ரக்ஷனாவோடு ஒரே நாளில் சரக்குப் பகுதியில் வேலைக்குச் சேர்ந்தவள். கல்யாணமாகி மெல்பர்ன் போய்விட்டாள். கீத்தான் எங்கிருந்தோ அந்த வீடியோ கேமைப் பிடித்துக்கொண்டு வந்தான். அதற்கு ஏதோ நீளமான ஆங்கிலப் பெயர் உண்டு. இவர்கள் அதை 'தீவு' என்றுதான் சொல்வார்கள். ஒருவர் அறையைத் திறந்து அதன் கோட் எண்ணை அனுப்பினால், மற்றவர்கள் அவரவர் வீட்டிலிருந்து அந்த எண்ணைத் தட்டி உள்ளே வரலாம். ஆளுக்கொரு மிருகம். ரக்ஷனா வாத்து, அருண்ராஜ் நீர்நாய், கீத் கரடி, ஈவா பெங்குவின், முனீரா ஆமை. தீவில் இறங்கியதும் ஒன்றன்பின் ஒன்றாகக் கோணங்கித்தனமான போட்டிகள் வரும். உருளும் பீப்பாய் மேல் ஓட வேண்டும், அடுத்தவனைக் கடலில் தள்ள வேண்டும், தேங்காய் பொறுக்க வேண்டும். காதில் ஹெட்செட் மாட்டிக்கொண்டு ஐந்து பேரும் ஒரே நேரத்தில் கத்துவார்கள். அந்த மாதங்களில் வேறெங்கும் அவர்கள் அப்படிச் சிரித்ததில்லை.

கட்டுப்பாடுகள் போன பிறகும் ஞாயிற்றுக்கிழமை போகவில்லை. சில வாரம் ஜாலான் புசாரில் இருக்கும் கீத் வீட்டுப் பெரிய டிவி முன்னால் நாலு பேரும் நெருக்கி உட்கார்ந்துகொள்வார்கள். முனீராவின் குரல் மட்டும் மெல்பர்னிலிருந்து வரும்.

பிறகு ரக்ஷனாவும் அருண்ராஜும் பிரிந்தார்கள்.

ஊரைக் கூட்டிச் சொல்லும்படியான காரணம் எதுவும் இல்லை. அருண்ராஜ் நல்லவன். ஆனால் எதையும் முடிவு செய்த பிறகுதான் சொல்வான். வேலையை விட்டது விட்ட பிறகுதான் தெரிந்தது. இந்தோனேசியாவின் பாத்தாம் தீவில் எட்டு மாத வேலைக்கு ஒப்புக்கொண்டதை, சோற்றைப் பிசைந்துகொண்டே, "அடுத்த வாரம் கிளம்பறேன்" என்று சொன்னான். அதற்குப் பதிலாக ரக்ஷனா மற்ற எல்லாவற்றையும் தன் கையில் எடுத்துக்கொண்டாள். எந்தத் திரைச்சீலை, எந்த டாக்டர், எந்தச் சொந்தக்காரர் வீட்டுக்கு எத்தனை மணிக்கு. அவன் சொல்லாமல் போவான்; இவள் கேட்காமல் சொல்லுவாள். சண்டைகூடப் பெரிதாக வரவில்லை. ஒரு கட்டத்தில் இரண்டு பேருக்கும் அலுத்துவிட்டது. பிள்ளைகள் இல்லை. பொங்கோல் வீட்டை விற்றார்கள். அவன் செம்பவாங்கில் அண்ணன் வீட்டுக்குப் போனான். அவள் புக்கிட் பாத்தோக்கில் ஒரு மூவறை வீடு பார்த்துக்கொண்டாள். ரக்ஷனாவின் அம்மா சிவகாமசுந்தரி ஒரு வாரம் அழுதுவிட்டு, கண்ணைத் துடைத்துக்கொண்டு வந்து புது வீட்டில் பால் காய்ச்சினார்.

முதல் மாதம் ரக்ஷனாவுக்கே விளையாட மனசில்லை. அட்டைப்பெட்டிகளைப் பிரிக்கவே நேரம் சரியாக இருந்தது. அதன்பிறகு வாட்ஸ்ஆப்பில் குழுவைத் திறந்து, "இந்த வாரம் தீவு இருக்கா?" என்று கேட்டாள். கீத்துக்கு சர்ச்சில் ஏதோ கூட்டம் என்றான். அடுத்த வாரம் ஈவாவின் மாமியாருக்கு உடம்பு சரியில்லை. அதற்கடுத்த வாரம் யாரும் பதிலே போடவில்லை. கல்யாணம், குழந்தை, வேலை என்று ஆளாளுக்கு வாழ்க்கை இருக்கிறது, விளையாட்டு தானாக நின்றுபோயிருக்கும் என்று அவள் நினைத்துக்கொண்டாள். கொஞ்சம் வருத்தம்தான். ஆனால் அதை ஒரு குறையாக எடுத்துக்கொள்ளவில்லை.

ஒரு புதன்கிழமை முனீரா போன் செய்தாள். அவள் மகனின் பள்ளிக்கூடம், மெல்பர்ன் குளிர், புது அடுப்பு என்று எதையெதையோ பேசிக்கொண்டு வந்தவள், "போன வாரம் நீ பாத்திருக்கணும் ரக்ஷ், கீத் பீப்பாயோட சேந்து அப்படியே கடலுக்குள்ள…" என்று சிரிக்க ஆரம்பித்தாள். பாதிச் சிரிப்பில் நிறுத்திவிட்டாள்.

"எந்த வாரம்?" என்றாள் ரக்ஷனா.

"அது… சும்மா…"

"எந்த வாரம், முனீரா?"

முனீராவுக்குப் பொய் சொல்ல வராது. எல்லாம் வெளியே வந்துவிட்டது. மூன்று மாதமாக விளையாடுகிறார்கள். வேறொரு குழு தொடங்கியிருக்கிறார்கள். அதில் ரக்ஷனா இல்லை.

"வேணும்னு செய்யல ரக்ஷ். ரெண்டு பேரையும் ஒரே நேரத்துல எப்படிக் கூப்பிடறதுன்னு எங்களுக்குத் தெரியல. கீத் அருணோட கூட்டாளி இல்லையா? அவன் அருணைக் கூப்பிட்டான். அப்புறம் உங்கிட்ட எப்படிச் சொல்றதுன்னு…"

"சரி விடு. உன் மேல கோவம் இல்ல" என்று சொல்லி போனை வைத்தாள். கோபம் இருந்தது. ஆனால் அது முனீரா மேல் இல்லை. யோசித்துப் பார்த்தால் அருண்ராஜ் மேலும் இல்லை. வீட்டை விற்றபோது, சாமான்களைப் பிரித்தபோது எல்லாம் அவளும் உட்கார்ந்து பேசித்தான் முடிவு செய்தாள். சோபா உனக்கு, சலவை இயந்திரம் எனக்கு என்று கணக்காகத்தான் பிரிந்தார்கள். ஞாயிற்றுக்கிழமையை மட்டும் அவளைக் கேட்காமலே அவன் பக்கம் தள்ளிவிட்டார்கள்.

அம்மாவிடம் சொன்னபோது, "அவங்க அவன் பக்கத்து ஆளுங்கதானே பாப்பா. விட்டுடு. உனக்கு வேற கூட்டாளியா கிடைக்காது?" என்றார் சிவகாமசுந்தரி.

"அவன் பக்கம், என் பக்கம்னு எதும்மா? ஈவாவுக்குப் பிரசவம் ஆனப்ப ராத்திரி பூரா ஆஸ்பத்திரியில உக்காந்திருந்தது நான். அருணா உக்காந்திருந்தான்?"

"அதுக்காக அங்க போய் நிப்பியா? நாலு பேரு என்ன நெனப்பாங்க?"

"நாலு பேருதான்ம்மா அங்க இருக்காங்க. அவங்க என்ன நெனக்கறாங்கன்னு நேரிலேயே கேட்டுக்கறேன்."

ஈவா சனிக்கிழமை காலையில் தேக்கா சந்தைக்கு ஆட்டிறைச்சி வாங்க வருவாள். கல்யாணமானதிலிருந்து மாறாத வழக்கம். ரக்ஷனா இறைச்சிக் கடைகள் இருக்கும் வரிசைக்கு நேராகப் போனாள். ஈவா கடைக்காரரிடம் எலும்பு அதிகமாகப் போடுகிறார் என்று வாதாடிக்கொண்டிருந்தாள். திரும்பிப் பார்த்ததும் அவள் முகம் மாறிய விதத்திலேயே, முனீரா ஏற்கனவே சொல்லிவிட்டாள் என்று ரக்ஷனாவுக்குத் தெரிந்துவிட்டது.

"கோப்பி குடிக்கலாம் வா" என்றாள் ரக்ஷனா.

கோப்பிக்கடை மேசை முன்னால் உட்கார்ந்ததும் ஈவா கண் கலங்கிவிட்டாள். "சாரி ரக்ஷ். எத்தனையோ தடவை சொல்லணும்னு நெனச்சேன்."

"அழாத. நான் சண்டைக்கு வரல. நாளைக்கு ரூம் கோட் எனக்கும் அனுப்பு. அதைச் சொல்லத்தான் வந்தேன்."

ஈவா நிமிர்ந்தாள். "நாளைக்கா? அருண் வர்றான்."

"வரட்டும்."

"ஒரு மாதிரி ஆயிடுமே லா."

"யாருக்கு?"

"எல்லாருக்கும்தான். உனக்கு."

"எனக்கு ஒண்ணும் ஆகாது. நான் வாரத்துக்கு அஞ்சு நாள் ஆம்பளைங்களைக் குளிர்ல நிக்க வெச்சு வேலை வாங்கறேன். ஒரு நீர்நாயப் பாத்தா பயந்துடப்போறேன்?" ரக்ஷனா கோப்பியைக் கலக்கினாள். பிறகு குரலைக் கொஞ்சம் தணித்துச் சொன்னாள். "ஈவா, நான் அருணைத்தான் விட்டேன். உங்களை விடல. நீங்க என்னை விட்டுட்டீங்கன்னா அதை மூஞ்சிக்கு நேரா சொல்லுங்க. அதையும் தாங்கிக்குவேன். சொல்லாம ஒளிச்சு வெச்சு விளையாடறது மட்டும் வேணாம். அது எனக்கு ரொம்பப் பழக்கமான விஷயம்."

ஈவா மூக்கை உறிஞ்சிக்கொண்டு சிரித்தாள். "கீத்கிட்ட நான் சொல்லிக்கறேன். அருண்கிட்ட யார் சொல்றது?"

"நீங்களே சொல்லுங்க. வரப் பிடிக்கலன்னா அவன் வரவேண்டாம்."

மறுநாள் மாலை, மடிக்கணினியை மேசையில் வைத்து, ஹெட்செட்டை மாட்டிக்கொண்டாள் ரக்ஷனா. டிவியும் அதனோடு சேர்ந்த கன்சோலும் பாகப்பிரிவினையில் அருண்ராஜிடம் போயிருந்தன. அவளிடம் ஒரு கன்ட்ரோலர் மட்டும் தங்கியிருந்தது. கோட் வந்தது. தட்டினாள். மஞ்சள் தொப்பி போட்ட வாத்து, தீவின் கரையில் பொத்தென்று குதித்தது. கரடியும் பெங்குவினும் ஆமையும் ஏற்கனவே அங்கே நின்றுகொண்டிருந்தன. கொஞ்சம் தள்ளி, தண்ணீர் ஓரமாக, நீர்நாய்.

வந்திருக்கிறான்.

"ஹாய்" என்றாள் ரக்ஷனா.

"ஹாய் ரக்ஷ்!" என்று மூன்று குரல்கள் தேவைக்கு மேலே உற்சாகமாக வந்தன. கொஞ்சம் பிந்தி, "ஹாய்" என்றது நான்காவது குரல்.

முதல் போட்டி பீப்பாய் ஓட்டம். வழக்கமாக மணி அடித்த உடனே கீத் செய்கிற முதல் வேலை, வாத்தைப் பிடித்துக் கடலில் தள்ளுவதுதான். இன்று கரடி ஒதுங்கி வழி விட்டது. பெங்குவின் அவள் பக்கமே வரவில்லை. ஆமை, வெற்றிக்கோட்டுக்கு இரண்டடி முன்னால் காரணமே இல்லாமல் நின்றது. வாத்து முதலாவதாக வந்தது. அடுத்த போட்டியிலும் அதே கதை. தேங்காய்கள் எல்லாம் அவள் காலடியில் தானாக வந்து விழாத குறை.

"சூப்பர் ரக்ஷ்" என்றான் கீத், நோயாளியைப் பார்க்கப் போனவன் பேசுகிற குரலில்.

ரக்ஷனாவுக்குப் பொறுக்கவில்லை. வாத்தைத் திருப்பி நேராகக் கொண்டுபோய்க் கரடியை முட்டினாள். கரடி குப்புற விழுந்து பாறையில் உருண்டு கடலில் போய் விழுந்தது.

"ஏய்! கேம் இன்னும் தொடங்கவே இல்ல!"

"கீத், நீ என்ன துக்க வீட்டுக்கா வந்திருக்கே? ஒழுங்கா ஆடறதா இருந்தா ஆடு. இப்படி விட்டுக்கொடுத்தா நான் லாக் அவுட் பண்ணிட்டுத் துணி துவைக்கப் போயிடுவேன்."

முனீராதான் முதலில் சிரித்தாள். பிறகு ஈவா. "அப்பாடா" என்றான் கீத். அவன் குரல் பழைய குரலாகிவிட்டது. "மவளே, வா இனிமே" என்று கரையேறி வந்தான். அடுத்த போட்டியில் வாத்து மூன்று முறை கடலில் விழுந்தது. அவளுக்கு நிம்மதியாக இருந்தது.

அருண்ராஜ் மட்டும் அதிகம் பேசவில்லை. நீர்நாய் தன்பாட்டுக்கு ஓடியது, தன்பாட்டுக்குக் குதித்தது.

அதற்குப் பிறகுதான் ஜோடிப் போட்டி வந்தது. அந்தக் கேமில் ஜோடியை ஆடுகிறவர்கள் தேர்ந்தெடுக்க முடியாது. கேமே தன் இஷ்டத்துக்குச் சேர்த்துவிடும். ஐந்து பேர் ஆடினால் மீதமாகும் ஒருவர் கடற்காக்காயாகி, மேலே பறந்து மற்றவர்கள் தலையில் தேங்காய் போடலாம். திரையில் படங்கள் சுழன்று சுழன்று நின்றன. கடற்காக்கா முனீரா. கரடியும் பெங்குவினும் ஒரு ஜோடி.

வாத்தும் நீர்நாயும் இன்னொரு ஜோடி.

இரண்டுக்கும் நடுவில் பெரிய கண்ணாடி மீன்தொட்டி. இந்தப் பக்கம் வாத்து பிடித்திருந்தது, அந்தப் பக்கம் நீர்நாய். உள்ளே ஒரு ஆரஞ்சு மீன் வாயைத் திறந்து திறந்து மூடியது. தொட்டியைத் தண்ணீர் சிந்தாமல் பலகைப் பாலம், ஊஞ்சல் பாலம் எல்லாம் தாண்டிக் கலங்கரை விளக்கத்தின் உச்சிக்குக் கொண்டுபோக வேண்டும்.

ஹெட்செட்டில் மூச்சுச் சத்தம்கூட இல்லை.

"எல்லாரும் மியூட்லயா இருக்கீங்க?" என்றாள் ரக்ஷனா.

"இல்ல" என்றான் கீத் சன்னமாக.

"வேணும்னா மறுபடி முதல்லேருந்து தொடங்கவா?" என்றாள் ஈவா. "வேற மாதிரி ஜோடி போடும்."

"எதுக்கு? கேம் போட்டதுதானே" என்றான் அருண்ராஜ். அன்று அவன் முழுசாகப் பேசிய முதல் வாக்கியம் அதுதான். "ஆடலாம்."

"ஆடலாம்" என்றாள் ரக்ஷனாவும்.

மணி அடித்தது. அடித்த நொடியிலேயே நீர்நாய் பாய்ந்தது. வாத்து இன்னும் நின்ற இடத்திலேயே இருந்தது. தொட்டி சரிந்து, தண்ணீர் முழுக்கக் கொட்டி, மீன் மணலில் துள்ளியது. மறுபடி தொடக்கத்துக்கு. இரண்டாவது தடவை ரக்ஷனா முந்திக்கொண்டாள். "லெஃப்ட், லெஃப்ட், நில்லு, இப்ப ரைட்டு, மெதுவா, நான் சொல்லும்போது குதி, இப்ப வேணாம், இரு…" அவள் சொல்லி முடிப்பதற்குள் பலகை நகர்ந்துவிட்டது. நீர்நாய் குதித்தது, வாத்து குதிக்கவில்லை. மீன் மறுபடி மணலில்.

"நீ சொல்லி முடிக்கறதுக்குள்ள பாலமே போயிடுது ரக்ஷ்."

"அப்ப நீ போறதுக்கு முன்னாடி சொல்லேன்! எப்பவும் போனதுக்கப்புறம்தானே சொல்லுவே!"

சொன்ன பிறகுதான் அது அவள் காதிலேயே விழுந்தது. மேலே பறந்துகொண்டிருந்த கடற்காக்கா தேங்காயைப் போடாமல் அப்படியே நின்றது. கரடியும் பெங்குவினும் பாதிப் பாலத்தில் நின்றுவிட்டன. ரக்ஷனாவுக்குக் காது சூடாகிவிட்டது. ஒரு பட்டனை அழுத்தினால் வெளியே போய்விடலாம். நெட் போய்விட்டது என்று நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம். விரல் அந்தப் பட்டன் மேலேயே இருந்தது. அழுத்தவில்லை. சொன்னதில் பொய் எதுவும் இல்லை, பிறகு எதற்கு ஓட வேண்டும்?

அருண்ராஜ் நீளமாக ஒரு மூச்சு விட்டான். அது எல்லோருக்கும் கேட்டது.

"சரி" என்றான். "இப்பலேருந்து சொல்றேன். 'ஒண்ணு, ரெண்டு'ம்பேன். ரெண்டுல ரெண்டு பேரும் குதிப்போம். நீ வழிய மட்டும் சொல்லு."

"வழிய மட்டும்" என்றாள் ரக்ஷனா. அப்படிச் சொல்வது அவளுக்கு எவ்வளவு கஷ்டம் என்று அங்கிருந்த நாலு பேருக்கும் தெரியும்.

"லெஃப்ட்ல ஓட்டை இருக்கு."

"ஒண்ணு, ரெண்டு."

வாத்தும் நீர்நாயும் சேர்ந்து எழும்பின. தொட்டி ஆடியது, ஆனால் கவிழவில்லை. இரண்டாவது பலகை, மூன்றாவது பலகை. ஊஞ்சல் பாலத்தில் அவன் "ஒண்ணு" என்று தொடங்குவதற்கு முன்னாலேயே, இந்த இடத்தில் அவன் குதிக்கத்தான் போகிறான் என்று ரக்ஷனாவுக்குத் தெரிந்தது. குதிப்பதற்கு முன்னால் அவன் மூச்சை உள்ளே இழுப்பான். படிக்கட்டில் இறங்கும்போதும், நீச்சல் குளத்திலும், கார் ஓட்டும்போது மஞ்சள் விளக்கைப் பார்த்தாலும் அப்படித்தான் இழுப்பான். எட்டு வருஷம் பக்கத்தில் இருந்து கேட்ட மூச்சு. வாயைத் திறக்காமல் அதை மட்டும் கேட்டுக்கொண்டு குதித்தாள்.

பக்கத்துப் பாலத்தில் கீத்தும் ஈவாவும் மும்முரமாகச் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள்.

"கீழ பாக்காதேன்னு சொன்னேன்ல?"

"எப்ப சொன்னே? நீ முனீராவப் பாத்துக் கத்திக்கிட்டிருந்தே!"

"அவ என் தலையிலேயே தேங்காய் போடறா!"

கரடியின் தலையில் இன்னொரு தேங்காய் விழுந்தது. அவர்களுடைய மீன் நாலாவது முறையாக மணலில் துள்ளியபோது, வாத்தும் நீர்நாயும் கலங்கரை விளக்கத்தின் கடைசிப் படியில் தொட்டியை இறக்கி வைத்தன. பாதித் தண்ணீர்தான் மிச்சம். ஆனால் மீன் உயிரோடு இருந்தது. விதிப்படி அது போதும். வாணவேடிக்கை வெடித்தது.

"பாவிங்களா!" என்று கத்தினாள் முனீரா. "சண்டை போட்டுக்கிட்டே ஜெயிச்சுட்டீங்களே!"

ஈவாவின் குழந்தை எழுந்து அழவே, கொஞ்ச நேரம் நிறுத்தினார்கள். கீத் பால் கலக்கப் போனான். முனீரா அடுப்பைப் பார்க்கப் போனாள். கரையில் வாத்தும் நீர்நாயும் மட்டும் நின்றன. இரண்டு பேரும் மியூட் போடவில்லை.

"நீ வரமாட்டேன்னு சொல்லிட்டதா நெனச்சுக்கிட்டிருந்தேன்" என்றான் அருண்ராஜ்.

"யாரு சொன்னா?"

"யாரும் சொல்லல. நீ கேக்கவே இல்லையே, அதனால…"

"மூணு வாரம் கேட்டேன். பழைய குரூப்ல."

"ஓ. நான் அந்தக் குரூப்ப விட்டு வெளியே போயிட்டேன். நம்ம பழைய போட்டோல்லாம் அதுல இருந்துச்சு. பாக்கக் கஷ்டமா இருந்துச்சு."

"யார்கிட்டயும் சொல்லாமலா?"

பிறகு அவன் சிரித்துவிட்டான். "ஆமா. சொல்லாம."

அவளுக்கும் சிரிப்பு வந்தது. அடக்கவில்லை.

"உனக்குச் சங்கடம்னா சொல்லு ரக்ஷ். ஒரு வாரம் நீ, ஒரு வாரம் நான்னு வெச்சுக்கலாம்."

"நாய்க்குட்டியையா பங்கு போடறோம்? எனக்கு ஞாயித்துக்கிழமை வேணும் அருண். நீ இருந்தாலும் வேணும், இல்லாட்டியும் வேணும். நீ வர்றதும் வராததும் உன் இஷ்டம்."

"வர்றேன்" என்றான். பிறகு அவசரமாகச் சேர்த்துக்கொண்டான். "அடுத்த வாரம் மட்டும் வரமுடியாது. அண்ணன் மகளுக்குப் பிறந்தநாள். முன்கூட்டியே சொல்லிடறேன்."

"ரொம்ப நன்றி" என்றாள் ரக்ஷனா. பாதிக் கேலி, பாதி நிஜம்.

ஹெட்செட்டைக் கழற்றி வைத்தபோது, மனசுக்குள் ஏதாவது உடைந்துகிடக்கிறதா என்று தேடிப் பார்த்தாள். ஒன்றுமில்லை. அவனோடு திரும்பிப் போக வேண்டும் என்றும் தோன்றவில்லை. அவனை நன்றாகத் தெரியும், அவ்வளவுதான். காகிதத்தில் கையெழுத்துப் போட்டதால் தெரிந்தது தெரியாமல் போய்விடுமா என்ன? நல்ல பசி. எழுந்துபோய் இரண்டு முட்டையை உடைத்து ஊற்றினாள்.

அதற்குப் பிறகு எல்லா ஞாயிறும் நன்றாகவே போயிற்று என்று சொல்ல முடியாது. ஒரு வாரம் கீத் யோசிக்காமல் பாத்தாம் பேச்சை எடுத்தான். ரக்ஷனா ஏதோ சுருக்கென்று சொல்ல, அருண்ராஜ் சட்டென்று விளையாட்டு அறையை விட்டுப் போய்விட்டான். மிச்சப் போட்டிகள் சப்பென்று ஆகிவிட்டன. ஆனால் அடுத்த வாரம் இரண்டு பேருமே வந்தார்கள். புதுக் குழுவை ஈவா கலைத்துவிட்டாள். பழைய குழுவிலேயே அருண்ராஜ் திரும்பச் சேர்ந்துகொண்டான்.

ஜூன் விடுமுறைக்கு முனீரா சிங்கப்பூர் வந்தாள். இந்தத் தடவை எல்லோரும் என் வீட்டுக்கு வாங்க என்று ரக்ஷனா அழைத்தாள். புது வீட்டில் முதல் விருந்து. கடையிலிருந்து பெரிய டிவி வந்து சேர்ந்திருந்தது. ஆளுக்கொரு கன்ட்ரோலரோடு பாயில் உட்கார்ந்து ஐந்து பேரும் ஒரே அறையில் கத்தியதில், மேல்வீட்டுச் சீனக் கிழவர் எட்டிப் பார்த்து, இரண்டு போட்டியை நின்றபடியே ரசித்துவிட்டுப் போனார்.

உளுந்து வடை சுட்டு எடுத்துக்கொண்டு வந்த சிவகாமசுந்தரி, வாசலில் கிடந்த செருப்புகளைப் பார்த்துக்கொண்டே உள்ளே நுழைந்தார். அருண்ராஜைக் கண்டதும் அப்படியே நின்றுவிட்டார். அவன் எழுந்து நின்றான். இத்தனை வருஷமாக அவனை "மாப்பிள்ளை" என்று கூப்பிட்டவர். இப்போது எப்படிக் கூப்பிடுவது? அவர் வாய் திறந்து, மூடி, திரும்பத் திறந்தது.

"நல்லாருக்கீங்களா… தம்பி?"

"நல்லாருக்கேன் அத்தை" என்றான் அவன். அவனுக்கும் வேறு வார்த்தை கிடைக்கவில்லை. "வடை வாசம் லிஃப்ட் வரைக்கும் வந்துச்சு."

வடை சீக்கிரமே காலியாகிவிட்டது. எல்லோரும் கிளம்பிய பிறகு, சிவகாமசுந்தரி பாயைச் சுருட்டிக்கொண்டே மகளைக் கேட்டார்.

"உண்மையச் சொல்லு பாப்பா. நீங்க ரெண்டு பேரும் மறுபடி சேந்துக்கப் போறீங்களா?"

"இல்லம்மா."

"நிச்சயமா?"

"நிச்சயமா."

"அப்ப எதுக்கு அவனை வீட்டுக்குக் கூப்பிடறே?"

ரக்ஷனா தட்டுகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினாள். எப்படியெப்படியோ சொல்லியிருக்கலாம். "அவன் நல்லா ஆடுவான்ம்மா" என்றாள்.

சிவகாமசுந்தரி மகளை ஏற இறங்கப் பார்த்தார். இது என்ன பதில் என்று கேட்க வந்தவர், அவள் முகத்தைப் பார்த்துவிட்டு, சுருட்டிய பாயைக் கதவோரம் சாய்த்து வைத்தார். காலித் தட்டுகளை எடுத்துக்கொண்டு இரண்டு பேரும் சமையலறைக்குப் போனார்கள்.